உடுங்கண்ணே

லபுக்கலைக்குக் கீழே இரண்டாவது வளைவில்
மிதித்தேன்.
கால் சேற்றுக்குள் போவதுபோல்
அடிவரை போனது.
பிரேக் திரும்பி வரவில்லை.

பின்சீட்டில் ஆளில்லை.
பதினொரு தட்டு லீக்ஸ் நாற்று.
புசல்லாவையில் இறக்கினால் நாலாயிரம்.
அந்த மாதத் தவணையில்
அது ஒரு மூலை.

கியரைக் குறைத்தேன், வண்டி ஊளையிட்டது.
கைப்பிரேக்கை இழுத்தேன்,
கம்பி கையோடு வந்தது.
தெரிந்த சாமிகளைக் கூப்பிட்டேன்,
பிறகு தெரியாத சாமிகளை.
கராஜ் ரஞ்சனையும் கூப்பிட்டதாக ஞாபகம்.
கைகள் மட்டும் ஹேண்டிலை
யாருடைய கழுத்தையோ நெரிப்பதுபோல்
பிடித்துக்கொண்டிருந்தன.

பூ விற்கும் பையன் ஒருவன்
முதல் வளைவிலிருந்தே கூட வந்தான்.
நான் ரோட்டில் சுற்றி வர,
அவன் தேயிலைக்குள் குறுக்கே இறங்கி
வளைவுக்கு வளைவு எனக்கு முன்னால் நின்றான்.
எனக்காக இல்லை. ஆட்டோக்காரன் பூ வாங்கமாட்டான்.
பின்னால் வந்த வெள்ளைக்கார வேனுக்காக.

மூன்றாவது வளைவில்
என் முகத்தைப் பார்த்துவிட்டான்.
பூக்கட்டைப் போட்டுவிட்டு
இரண்டு கையாலும் ஓரத்தைக் காட்டினான்.
'உடுங்கண்ணே!
தேயிலைக்குள்ள உடுங்க!'

பதினாறு வருஷம் ஓட்டியவன் நான்.
ரோட்டை விட்டு இறங்காமல் இருப்பதற்குப் பெயர்தான்
ஓட்டுவது.

உட்டேன்.

நூறு வயதுச் செடிகள் அவை,
வேருக்குள் வேர் கோத்து நிற்பவை.
முதல் வரிசை முறிந்தது.
இரண்டாவது வளைந்தது.
மூன்றாவது என்னைப் பிடித்துக்கொண்டது.
அதுவரை, பிடிக்கிற ஆள்
நான் என்றல்லவா நினைத்திருந்தேன்.

சட்டைக்குள்ளெல்லாம் நாற்று.
பையன் மூச்சிரைக்க வந்து எட்டிப் பார்த்து
நான் இருக்கிறேன் என்று உறுதிசெய்துகொண்டு
மிதிபட்ட பூவுக்கு நூறு ரூபாய் கேட்டான்.
கொடுத்தேன்.

தவணைக் கம்பெனி ஒன்பது நாள் பொறுத்தது.
திலங்க என்று ஓர் இளைஞன், நல்ல பிள்ளை,
பேனையை வலது கையால் நீட்டி
இடது கையால் முழங்கையைத் தொட்டிருந்தான்,
கோயிலில் கொடுப்பதுபோல்.
சாவி வளையத்தில் வீட்டுச் சாவியும் இருந்தது.
அதைக் கழற்றித் தந்துவிட்டு
வண்டியை எடுத்துப் போனான்.
வசந்தரூபி அழவில்லை.
'இனிமே முப்பதாந் தேதி
வெறும் முப்பதாந் தேதிதான்' என்றாள்.
அதைச் சொல்லிவிட்டு
ஒரு முழு மத்தியானம் தூங்கினாள்.

என் வலது கால்தான் ஒப்புக்கொள்ளவில்லை.
பாயில் படுத்தும் மிதித்தது.
சங்கக்கடை வரிசையில் நின்றும் மிதித்தது.
அவள் கெண்டைக்காலில் நீலம் பாரித்தது.

இரண்டரை மாதம் கழித்து
காவற்காரர் செபமாலை ஆள் அனுப்பினார்:
'உன் லீக்ஸைப் புடுங்கிக்கிட்டுப் போ.
தொர கண்டா எனக்குத்தான் ஏச்சு.'

செடி முறிந்த இடத்தில்
வெளிச்சம் இறங்கியிருந்தது.
அந்த வெளிச்சத்தில், ஒன்று வடக்கே பார்க்க,
ஒன்று படுத்தபடி,
ஒன்று ஆட்டோவின் உடைந்த கண்ணாடிக்கு மேல்,
நாற்பது ஐம்பது லீக்ஸ்.
நான் நட்டிருந்தால் வரிசையாக இருந்திருக்கும்.
முறிந்த தூரிலும்
செம்பு நிறத்தில் ஏதோ முளைத்திருந்தது.
அதை நான் தொடவில்லை.

இப்போது நாற்று மேடையில் வேலை.
விதை போட்டுச் சாக்கு மூடினால்
பத்து நாளைக்குச் செய்ய ஒன்றுமில்லை.
அந்த ஒன்றுமில்லையைச் செய்யத்தான்
இன்னும் சரியாக வரவில்லை.
மூன்றாம் நாளே சாக்கைத் தூக்கிப் பார்க்கிறேன்.

போன கிழமை கம்பளை பஸ்ஸில் ஜன்னலோரம்.
பையன் வளர்ந்திருந்தான்,
அதே குறுக்கு வழி, அதே ஓட்டம்.
பூவை இருநூறு ஆக்கிவிட்டான்.
வாங்கவில்லை.

இறம்பொடையில் அருவிச் சத்தம் கேட்டபோதுதான்
குனிந்து பார்த்தேன்.
வலது கால்
எப்போதோ செருப்பைக் கழற்றிவிட்டு
முன்சீட்டுக் கம்பியில் ஏறி
உட்கார்ந்திருந்தது.